படத்தொகுப்பு மேசையில் ஒரு கிராமம்: இஷ்த்வான் காஆலும் ஹங்கேரியின் ஊர்ப்புறமும்

ஹங்கேரியின் கிராமப்புறம் என்றதும் அந்நாட்டுக்கு வெளியே உள்ளவர்களின் மனத்தில் எழும் காட்சி பெரும்பாலும் ஒன்றுதான். கண்ணுக்கெட்டிய தூரம் மரமின்றிக் கிடக்கும் புல்வெளி, நடுவில் ஒரு கிணற்றின் ஏற்றமரம், அதனருகே நீலச் சட்டை அணிந்த குதிரைக்காரர், வளைந்து நீண்ட கொம்புகளுடன் சாம்பல்நிற மாடுகள். இக்காட்சிக்கு நீண்ட வரலாறு உண்டு. கவிஞர் ஷாண்டோர் பெதோஃபி 1844இல் அல்ஃபோல்ட் என்னும் பெருஞ்சமவெளியைப் பாடியதிலிருந்தே அந்நிலம் தேசத்தின் விடுதலை உணர்வுக்கு அடையாளமாக நிலைபெற்றது. ஓவியர்கள் அதை வரைந்தார்கள், புகைப்படக்காரர்கள் அதைப் பரப்பினார்கள், சுற்றுலாத்துறை இன்றுவரை அதை விற்றுக்கொண்டிருக்கிறது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் வந்த அரசு இதற்கு மாற்றாக வேறொரு படிமத்தை முன்வைத்தது: டிராக்டர், கூட்டுப்பண்ணை, சிரித்த முகத்துடன் அறுவடை செய்யும் உழவர். இரு படிமங்களிலும் கிராமத்து மனிதர் மற்றவர்கள் பார்ப்பதற்காக நிறுத்திவைக்கப்பட்டவராகவே இருக்கிறார்; அவருடைய ஒரு வேலைநாள் எவ்வளவு நீளமானது, அந்த நாளில் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு அவர் எப்படி நகர்கிறார் என்பதற்கு அங்கே இடமில்லை.

அந்த இடத்தை நிரப்பியவர்களுள் முக்கியமானவர் இஷ்த்வான் காஆல் (1933–2007). வடக்கு மலைப்பகுதியின் சுரங்க நகரமான ஷால்கோதர்யானில் பிறந்து, பக்கத்துச் சிற்றூரான பாஸ்தோவில் வளர்ந்தவர். புதாபெஸ்டில் திரைப்படக் கல்வி பயின்றபின், 1959 முதல் 1961 வரை உதவித்தொகை பெற்று ரோமில் உள்ள திரைப்படப் பயிற்சி மையத்தில் படித்தார். இயக்குநராகவே உலகம் அவரை அறிந்திருந்தாலும், தம் முக்கியமான படங்களுக்குத் தாமே படத்தொகுப்பாளராகவும் இருந்தார் என்பதைத் தனியாகக் கவனிக்க வேண்டும். ஹங்கேரிய ஊர்ப்புறத்தைப் பற்றி அவர் விட்டுச்சென்ற பதிவின் தனித்தன்மை அந்தத் தொகுப்பு மேசையிலிருந்துதான் வந்தது என்பது என் துணிபு. உடைகளையும் விழாக்களையும் அவர் சேகரிக்கவில்லை. வேலையின் தாளத்தையும், காத்திருப்பின் நீளத்தையும், வெட்டவெளியில் ஒரு மனித உருவம் கடந்துபோக எடுக்கும் நேரத்தையும் சேகரித்தார். இவை எந்த அருங்காட்சியகத்தின் கண்ணாடிப் பெட்டிக்குள்ளும் அடங்காதவை.

அவர் வேலை செய்யத் தொடங்கிய காலத்தில் அந்த ஊர்ப்புறம் என்ன நிலையில் இருந்தது என்பதைச் சுருக்கமாகச் சொல்ல வேண்டும். 1945ஆம் ஆண்டு நிலச்சீர்திருத்தத்தில் பெருநிலக்கிழார்களிடமிருந்தும் திருச்சபையிடமிருந்தும் ஏறத்தாழ 32 லட்சம் ஹெக்டேர் நிலம் எடுக்கப்பட்டு, 6 லட்சத்துக்கும் மேற்பட்ட குடும்பங்களுக்கு அதிலிருந்து நிலம் கிடைத்தது. தலைமுறை தலைமுறையாகக் கூலிகளாக இருந்தவர்கள் முதன்முறையாகச் சொந்த மண்ணில் ஏர்பூட்டினார்கள். அந்த நிலம் அவர்கள் கையில் நீண்டநாள் தங்கவில்லை. 1949க்குப் பிறகு ஒருமுறையும், 1959 முதல் 1961 வரை இன்னும் கடுமையாக மறுமுறையும் கூட்டுப்பண்ணை இயக்கம் நடத்தப்பட்டு, விளைநிலத்தின் மிகப்பெரும்பகுதி கூட்டுறவுகளுக்கும் அரசுப்பண்ணைகளுக்கும் போய்ச் சேர்ந்தது. 1949இல் நாட்டின் உழைப்பாளர்களில் பாதிக்கு மேற்பட்டோர் விவசாயத்தில் இருந்தனர். 1970 வாக்கில் அது ஏறத்தாழ நான்கில் ஒரு பங்காகக் குறைந்துவிட்டது. இடைப்பட்ட இருபது ஆண்டுகளில் இளைஞர்கள் புதாபெஸ்டின் கட்டுமானத் தளங்களுக்கும் தொழிற்சாலைகளுக்கும் போனார்கள். வாரம் முழுதும் நகரத்து விடுதியில் தங்கி, சனிக்கிழமை ஊர் திரும்பும் தொழிலாளர்களால் நிரம்பி வழிந்த கிழக்குப் பகுதி ரயில்களை மக்கள் ‘கறுப்பு ரயில்’ என்று அழைத்தார்கள். ஆகவே காஆலின் கேமரா முன் நின்ற கிராமம் பழமை மாறாத கிராமம் அன்று. கண்ணெதிரே கலைந்துகொண்டிருந்த கிராமம்.

அவருடைய தொடக்கம் மிகச் சிறியது. 1957இல், மாணவராக இருந்தபோதே, ரயில்பாதைத் தொழிலாளர்களைப் பற்றிச் சில நிமிடங்களே ஓடும் ஒரு குறும்படத்தை எடுத்தார். ஒளிப்பதிவு செய்தவர் பின்னாளில் ஹங்கேரியச் சினிமாவின் பெரும் ஒளிப்பதிவாளராகவும் இயக்குநராகவும் உயர்ந்த ஷாண்டோர் ஷாரா. அந்தப் படத்தில் விளக்கவுரை கிடையாது, கதையும் கிடையாது. தண்டவாளத்தைச் செப்பனிடும் ஒரு குழுவின் உடலசைவு, கருவிகள் எழுப்பும் ஓசை, அவற்றுக்கிடையே முகங்கள் ஆகியவைதான் படம். அன்றைய செய்திப்படங்களில் உழைப்பைப் பற்றிக் குரல் ஒன்று ஓயாமல் பேசிக்கொண்டிருக்கும். உழைப்பவர் அந்தப் பேச்சுக்குப் பின்னணியாக இருப்பார். காஆல் அந்தக் குரலை நீக்கிவிட்டு, ஒரு ஷாட், அதாவது கேமரா இடைநிற்காமல் எடுத்த ஒரு துண்டு, எப்போது முடிய வேண்டும் என்பதை வேலையின் வீச்சே தீர்மானிக்கும்படி விட்டார். கூட்டாகச் சேர்ந்து பாரம் தூக்கும் மனிதர்கள் ஒருவர் மூச்சுக்கு மற்றவர் மூச்சை இசைத்துக்கொள்வார்கள் அல்லவா, அந்த இசைவுதான் அங்கே ஒரு ஷாட்டை முடித்து அடுத்ததற்குப் போகும் வெட்டுக்கு இலக்கணம்.

படத்தொகுப்பு என்பது வேண்டாததை நீக்கும் வேலை என்ற எண்ணம் பரவலாக உண்டு. உண்மையில் அது ஒவ்வொரு துண்டும் எவ்வளவு நேரம் நீடிக்க வேண்டும் என்று தீர்மானிக்கும் வேலையும்கூட. ஒரு பெண் ரொட்டிமாவு பிசைவதைக் காட்டும் துண்டு நான்கு நொடியில் முடிந்தால், ‘அவள் மாவு பிசைந்தாள்’ என்ற செய்தி மட்டும் கிடைக்கிறது. அதே துண்டு நாற்பது நொடி நீடித்தால் அவளுடைய தோள் எப்போது களைக்கிறது, அவள் எங்கே நிறுத்தி மூச்சு வாங்குகிறாள், மறுபடியும் எப்படித் தொடங்குகிறாள் என்பதெல்லாம் தெரியவருகின்றன. முதலாவது தகவல், இரண்டாவதில்தான் அவளுடைய வாழ்க்கை இருக்கிறது. எவ்வளவு நேரம் நீடிக்கவிடுவது என்ற முடிவைப் பெரும்பாலும் படத்தொகுப்பு மேசையில்தான் எடுக்கிறார்கள். மரபு வாழ்வை ஆவணப்படுத்துவோர் கேமராவின் முன் எதை நிறுத்துவது என்பதில் காட்டும் அக்கறையில் பாதியைக்கூட இந்த நீளத்தைப் பற்றிய முடிவில் காட்டுவதில்லை.

ஹங்கேரியில் நாட்டார் மரபைப் பதிவுசெய்யும் முயற்சிகளிலும் கருவியின் கால அளவு என்றுமே ஒரு சிக்கலாக இருந்திருக்கிறது. 19ஆம் நூற்றாண்டின் இறுதியில் நாட்டார் பாடல்களைத் தேடிய பேலா விகார், மெழுகு உருளையில் ஒலியைப் பதியும் போனோகிராப் கருவியுடன் ஊர் ஊராகப் போனார். அடுத்த நூற்றாண்டின் தொடக்கத்தில் இசையமைப்பாளர்களான பார்டோக்கும் கொடாயும் அவ்வழியே சென்று ஆயிரக்கணக்கான பாடல்களைச் சேகரித்தார்கள். ஆனால் மெழுகு உருளை ஒன்றில் சில நிமிடங்களுக்கு மேல் பதிவுசெய்ய முடியாது. பாடகி பத்துச் சரணம் பாடத் தயாராக இருந்தாலும் ஓரிரு சரணங்களே உருளையில் ஏறின. மீதியைக் காகிதத்தில் எழுதிக்கொண்டார்கள். அந்தச் சேகரிப்பின் மதிப்பை இது குறைப்பதில்லை. எனினும், ஓர் இரவு முழுதும் நீளும் பாட்டின் கால அனுபவம் அந்த உருளைகளில் இல்லை. காஆல் பார்டோக்கைப் பற்றி ஆவணப்படங்கள் எடுத்தவர், அவருடைய இசையில் ஆழ்ந்தவர். சேகரிப்பாளர்களின் உருளைகளுக்குள் அடங்காமல் நழுவிப்போன அந்தக் கால அனுபவத்தைச் சினிமா பிடிக்க முடியும் என்பதை அவர் உணர்ந்திருந்தார் என்றே அவருடைய படங்களைப் பார்க்கும்போது தோன்றுகிறது.

1960களின் தொடக்கத்தில் இளம் கலைஞர்களுக்கு ஒரு வாய்ப்பு அமைந்தது. பலாஸ் பேலா ஸ்டுடியோ என்னும் அமைப்பு, அப்போதுதான் படிப்பு முடித்து வந்தவர்கள் அரசுப் பணத்தில், ஒப்பீட்டளவில் சுதந்திரமாகக் குறும்படங்கள் எடுக்க இடம் கொடுத்தது. எடுத்த படத்தைத் திரையரங்கில் வெளியிட்டே ஆக வேண்டும் என்ற கட்டாயம் இல்லாததால் சோதனைகளுக்குத் துணிவு பிறந்தது. காஆல் அங்கே, பெருஞ்சமவெளியின் ஊடே ஓடும் திஸா நதியின் இலையுதிர்காலத்தைக் குறிப்பேட்டில் வரைந்துகொள்வது போல ஒரு படமும், ஊருக்கும் நகரத்துக்கும் இடையே அலையும் தொழிலாளியைப் பற்றி இன்னொரு படமும் எடுத்தார். இவற்றை நான் விரித்துரைக்கப் போவதில்லை. இவற்றில் பழகிய கை 1963இல் தன் முதல் முழுநீளப் படத்துக்கு வந்து சேர்ந்தது என்பதே இங்கு முக்கியம்.

‘நீரோட்டத்தில்’ என்று தமிழில் சொல்லத்தக்க அந்தப் படத்தின் கதை எளிமையானது. பள்ளிப் படிப்பை முடித்த நண்பர்கள் சிலர் கோடையில் திஸா நதிக்குக் குளிக்கப் போகிறார்கள். மூழ்கி அடிமண்ணை எடுத்துவரும் போட்டி நடக்கிறது. சிறிது நேரம் கழித்துத்தான் அவர்களுள் ஒருவன் கரைக்குத் திரும்பவில்லை என்பதைக் கவனிக்கிறார்கள். மீதிப் படம், அந்த இழப்பின் முன் ஒவ்வொருவரும் தம்மை எடைபோட்டுப் பார்ப்பதைப் பின்தொடர்கிறது. ஷாராவின் கறுப்பு-வெள்ளை ஒளிப்பதிவில் நதியும் அதன் கரைகளும் பாத்திரங்களுக்கு நிகராக நிற்கின்றன.

அதில் ஒரு காட்சி ஹங்கேரியச் சினிமாவில் பெரிதும் பேசப்படுவது. இறந்தவனின் பாட்டி, கறுப்புத் துணியால் தலையை மூடிய கிழவி, ஒரு முழு ரொட்டியில் மெழுகுவர்த்தியைச் செருகி ஏற்றி நதியில் மிதக்கவிடுகிறாள். நீரில் மூழ்கியவரின் உடல் எங்கே இருக்கிறதோ அந்த இடத்தில் ரொட்டி நிற்கும் என்பது ஐரோப்பாவின் பல நாட்டார் மரபுகளில் இருந்துவந்த நம்பிக்கை. நாட்டாரியல் நூல் ஒன்றில் இது இரண்டு வரிக் குறிப்பாக இடம்பெறும். காஆலின் படத்திலோ ரொட்டி ஒழுக்கோடு போகும் நேரத்தைப் பார்வையாளரும் சேர்ந்து கடக்க வேண்டியிருக்கிறது. கிழவிக்கு அந்தச் செயல் துக்கத்தைச் சுமக்கத் தெரிந்த ஒரு வழி. கரையில் நிற்கும் படித்த இளைஞர்களிடம் அப்படி ஒரு வழி இல்லை. கேலியும் இல்லை, போற்றுதலும் இல்லை. ஒரு தலைமுறையின் கையில் இருந்த ஏதோ ஒன்று அடுத்த தலைமுறையின் கைக்கு வரவில்லை என்பதை எந்த வசனமும் இன்றி, ஷாட்டுகளின் நீளத்தைக் கொண்டே அந்தப் பகுதி உணர்த்திவிடுகிறது. புனைகதைப் படத்துக்குள் இருந்தாலும் இதை நான் ஆவணம் என்றே கொள்வேன். ஒரு வழக்கத்தின் புறத்தோற்றத்தோடு அதன் உணர்ச்சிப் பயனும் சேர்ந்து பதிவாவது ஆவணப்படங்களில்கூட அரிது.

திஸாவைப் பற்றி இங்கே ஒரு செய்தி. அந்த நதி பார்ப்பதற்கு இயற்கையாகத் தோன்றினாலும் மனிதர்கள் பெரிதும் மாற்றியமைத்த நதி. 1846இல் தொடங்கிய சீரமைப்பில் அதன் எண்ணற்ற வளைவுகள் வெட்டி நேராக்கப்பட்டு, ஏறத்தாழ 1,400 கிலோமீட்டராக இருந்த நீளம் 1,000 கிலோமீட்டருக்கும் குறைவாகச் சுருங்கியது. வெள்ளச் சமவெளியில் மீன்பிடித்தும் நாணல் அறுத்தும் வாழ்ந்த ஒரு வாழ்முறை அத்துடன் முடிந்து, கோதுமை வயல்களும் தனித்தனிப் பண்ணைக் குடியிருப்புகளும் பெருகின. இன்று நாம் மரபு என்று காணும் சமவெளி வாழ்வின் கணிசமான பகுதி அந்த மாற்றத்தின் விளைவு. எனவே ‘என்றென்றும் இருந்துவந்த கிராமம்’ என்ற எண்ணத்தை ஹங்கேரியைப் பொறுத்தவரை கவனமாகத்தான் கையாள வேண்டும்.

1970இல் வந்த ‘வல்லூறுகள்’ காஆலுக்கு உலகப் பெயரைத் தந்தது. கான் திரைப்பட விழாவில் நடுவர் குழுப் பரிசு பெற்றது. மிக்லோஷ் மேசோயின் குறுநாவலைத் தழுவிய இப்படத்துக்கு எலெமேர் ரகாயி வண்ணத்தில் ஒளிப்பதிவு செய்தார். சமவெளியின் நடுவே வல்லூறுகளைப் பழக்கும் ஒரு தனித்த நிலையத்துக்கு ஓர் இளைஞன் வந்து சேர்கிறான். அதன் தலைவர் பறவைகளுக்கு விதிக்கும் ஒழுங்கையே மனிதர்களுக்கும் விதிக்கிறார். அதிகாரத்தைப் பற்றிய உருவகமாகவே பலரும் இதை வாசித்திருக்கிறார்கள். அது சரியான வாசிப்புதான். ஆனால் அந்த உருவகம் நிற்பதற்குக் காரணம், பழக்கும் தொழிலின் ஒவ்வொரு படியையும் படம் பொறுமையாகக் காட்டுவதே. கையுறை, தலைமூடி, இறைச்சித் துண்டு, திரும்ப அழைக்கும் ஓசை என்று மீண்டும் மீண்டும் வரும் செயல்களை காஆல் ஏறத்தாழ ஒரே அளவில் வெட்டி அடுக்குகிறார். முதலில் அந்தத் தேர்ச்சி வியப்பூட்டுகிறது. திரும்பத் திரும்ப வரும்போது அதே ஒழுங்கு மூச்சடைக்க வைக்கிறது. பெதோஃபிக்கு விடுதலையின் வடிவமாக இருந்த திறந்தவெளி இங்கே ஒளிந்துகொள்ள ஒரு மரமும் இல்லாத இடமாக மாறிவிடுகிறது. அந்த நிலத்தின் மீது நூற்றாண்டுக் காலமாகப் படிந்திருந்த அழகுணர்ச்சியை இவ்வளவு அமைதியாகக் கலைத்த வேறொரு படத்தை எனக்குத் தெரியாது.

அடுத்து வந்த ‘மாண்ட நிலம்’ இன்னும் நேரடியானது. ஊரார் எல்லோரும் வெளியேறிவிட்ட ஒரு கிராமத்தில் ஓர் இளம் தம்பதியும் ஒரு கிழவியும் மட்டும் எஞ்சியிருக்கிறார்கள். கணவன் பகலெல்லாம் வேலைக்குப் போய்விட, வெற்று வீடுகளுக்கிடையே மனைவி தனித்து விடப்படுகிறாள். அந்தப் பாத்திரத்தில் நடித்தவர் மரி தோரோச்சிக். இக்கதை கற்பனையில் பிறந்ததன்று. தெற்கே பரன்யா மாவட்டத்தில் ஜியூரூஃபூ என்னும் சிற்றூர் 1970 வாக்கில் முற்றிலும் காலியாகி, நாடே பேசும் செய்தியானது. 1971இல் அரசு ஏற்றுக்கொண்ட குடியிருப்பு வளர்ச்சித் திட்டம் ஊர்களைத் தரம்பிரித்தது. வளர்ச்சியில் தனிப்பங்கு எதுவும் இல்லை என வகைப்படுத்தப்பட்ட சிறு கிராமங்களுக்கு முதலீடு நின்றது. பள்ளி மூடப்பட்டால் குழந்தை உள்ளவர்கள் போவார்கள். அவர்கள் போனபின் கடை மூடப்படும். கடை போனால் பேருந்தும் குறையும். இச்சங்கிலியை ஒரு புள்ளிவிவர அட்டவணை சொல்லிவிடும். ஆனால் மூன்றே பேர் எஞ்சிய தெருவில் ஒரு மதியப்பொழுது எவ்வளவு நீளமாக இருக்கும் என்பதை அட்டவணை சொல்லாது. எதுவும் நிகழாத நேரத்தை வெட்டி எறியாமல் வைத்துக்கொண்டதே இப்படத்தில் காஆல் செய்த பெரிய காரியம்; தோரோச்சிக்கின் முகத்தில் படிப்படியாக ஏறும் கலக்கத்துக்கு அந்த நீளம் வேண்டியிருந்தது.

காஆலின் வழி ஒன்றே வழியன்று. அதே பலாஸ் பேலா ஸ்டுடியோவில் 1965இல் ஸோல்தான் ஹுசாரிக், ஒளிப்பதிவாளர் யானோஷ் தோத்துடன் சேர்ந்து, குதிரைகளுக்கான இரங்கற்பாவாக ஒரு குறும்படம் எடுத்தார். மனிதனோடு உழுது, வண்டி இழுத்து, கடைசியில் எந்திரங்களின் காலத்தில் இறைச்சிக்கூடத்துக்கு அனுப்பப்பட்ட விலங்கின் கதை அது. அங்கே வெட்டுகள் மின்னல் வேகத்தில் வருகின்றன. ஒரு குளம்பு, ஒரு கண், பிடரி மயிர், நகரத்துக் கல்தெரு என்று நினைவுத் துணுக்குகளாகச் சிதறி ஓடுகிறது. உழைப்பின் நேரத்தைக் காப்பதற்குப் பதிலாக, இழந்தபின் நினைவு எப்படி உடைந்து வருகிறதோ அப்படித் தொகுத்திருக்கிறார்கள். காஆலின் படங்களும் இந்தப் படமும் பழைய ஊர்ப்புற வாழ்வின் ஒரே மறைவைப் பற்றியவை. எனக்கு காஆலின் நிதானம்தான் நெருக்கம் என்றாலும், ஹுசாரிக்கின் இருபது நிமிடத்துக்குள் அடங்கிய அந்தக் கொந்தளிப்புக்கு ஈடு காண்பது கடினம்.

மறுமுனையில் ஆக்னெஷ் ஹ்ரனிட்ஸ்கி இருக்கிறார். பேலா தார் இயக்கிய படங்களின் படத்தொகுப்பாளரான இவர், 2000ஆம் ஆண்டு முதல் வந்த படங்களில் இணை இயக்குநராகவும் பெயர் பெற்றார். லாஸ்லோ கிராஸ்னஹோர்காயின் நாவலிலிருந்து 1994இல் வந்த ‘சாத்தான்டாங்கோ’ ஏழு மணி நேரத்துக்கும் மேல் ஓடுவது. சிதைந்துபோன ஒரு கூட்டுப்பண்ணையின் சேற்றில் மாடுகள் மெல்ல நகர்ந்து செல்லும் தொடக்க ஷாட் மட்டும் ஏழு நிமிடத்தைத் தாண்டுகிறது. ஒரு 300 மீட்டர் ரீல் ஏறத்தாழ 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும் என்பதால் அதுவே ஒரு ஷாட்டின் உச்ச வரம்பு. இத்தகைய படத்தில் தொகுப்பாளருக்கு என்ன வேலை என்று கேட்கத் தோன்றும். எங்கே கேமரா திரும்புகிறது, எப்போது மனிதர் சட்டகத்தை விட்டு வெளியேறுகிறார் என்பதெல்லாம் படப்பிடிப்புத் தளத்திலேயே முடிவாக வேண்டியிருப்பதால், அவருடைய தீர்ப்பு மேசைக்கு வருமுன்பே தேவைப்படுகிறது. 1961இல் கட்டி முடிக்கப்பட்ட கூட்டுப்பண்ணை உலகம் முப்பது ஆண்டுகளில் எப்படி இற்றுப்போனது என்பதை, காஆலின் பதிவுகளுக்குத் தொடர்ச்சிபோல, ஹ்ரனிட்ஸ்கி கைபட்ட படங்களில் காணலாம்.

இந்தப் பதிவுகளின் எல்லையையும் சொல்ல வேண்டும். ஹங்கேரியக் கிராமத்தின் விளிம்பில் நூற்றாண்டுகளாக வாழ்ந்துவரும், ஜிப்சிகள் என்று பரவலாக அறியப்படும் ரோமா மக்கள் மரபு வாழ்வைக் கொண்டாடும் படங்களில் இசைக்கலைஞர்களாக மட்டுமே வந்துபோனார்கள். 1962இல் ஷாரா இயக்கி, ஒளிப்பதிவில் காஆலும் பங்கெடுத்த ஒரு குறும்படம் அவர்களுடைய குடியிருப்புகளுக்குள் சென்று, அவர்களின் வறுமையையும் ஒதுக்கப்பட்ட நிலையையும் காட்டியது. அப்படி ஒரு படம் பத்து நிமிடத்துக்கும் இருபது நிமிடத்துக்கும் இடைப்பட்ட குறும்படமாகவே அன்று சாத்தியப்பட்டது. காஆலின் முழுநீளப் படங்களின் மையத்தில் அம்மக்களுக்கு இடமில்லாமல் போனது ஒரு குறையாகவே எனக்குப் படுகிறது.

ஹங்கேரியின் தேசியத் திரைப்பட நிறுவனம் பழைய நெகட்டிவ்களிலிருந்து அந்நாட்டுப் படங்களை டிஜிட்டல் முறையில் சீரமைத்து வருகிறது. காஆலை முதன்முதலாகப் பார்க்க விரும்புகிறவர் பரிசு பெற்ற வல்லூறுகளில் தொடங்காமல் ரயில்பாதைக் குறும்படத்தில் தொடங்குவது நல்லது. சில நிமிடங்களில் அது முடிந்துவிடும். அதை இரண்டாம் முறை ஓடவிட்டு, ஒவ்வொரு வெட்டும் வேலையின் எந்த நொடியில் விழுகிறது என்று மட்டும் கவனித்தால், பிறகு நதியில் மிதக்கும் ரொட்டிக்கும் காலியான தெருவுக்கும் அவர் ஏன் அவ்வளவு நேரம் ஒதுக்கினார் என்பது விளக்கம் இல்லாமலேயே புரியத் தொடங்கும்.